கட்டைகளுக்குப் பேச்சுவழக்கு: ஜோ ஜாவினுல் கருத்தரங்கத் தலைமை உரை



இந்த இரண்டு நாள் கருத்தரங்கின் தலைப்பு ஜாஸ் ஃப்யூஷனில் கீபோர்டின் இடம். தலைமை உரை என்றால் முழுத் துறையையும் சுற்றிக் காட்டுவது வழக்கம். நான் அப்படிச் செய்யப் போவதில்லை. ஒரே ஒரு மனிதரைப் பற்றி மட்டும் பேசப் போகிறேன். அவர் வியன்னாவில் பிறந்த ஜோ ஜாவினுல். ஹெர்பி ஹான்காக்கையும் சிக் கொரியாவையும் பற்றிப் பேச நாளை தனித்தனி அமர்வுகள் இருக்கின்றன. அவர்களுக்கு நான் குறை வைப்பதாக யாரும் எண்ண வேண்டாம்.

ஏன் ஜாவினுல் என்று சொல்லிவிடுகிறேன். எனக்கு முதலில் கைக்கு வந்த கருவி ஆர்மோனியம். ஒன்பது வயதில் என்னை உட்கார வைத்த ஆசிரியர் முதல் நாளே சொன்ன சொல் இன்னும் காதில் இருக்கிறது: "கட்டையைத்தான் இது பாடும், ரெண்டு கட்டைக்கு நடுவுல இருக்கிறதைப் பாடாது. அதை நீ குரல்ல வச்சுக்க." கமகத்தில் ஊறிய நமக்கு இது தீராத பிரச்சினை. கட்டைகள் உள்ள எந்தக் கருவியிலும் ஸ்வரங்கள் வரிசையாக நிறுத்தி வைக்கப்பட்டிருக்கின்றன. வளைவு, இழைப்பு, மூச்சு, தயக்கம், ஒரு ஊர்க்காரரின் பேச்சை இன்னொரு ஊர்க்காரரின் பேச்சிலிருந்து பிரிக்கிற அந்த நெளிவு, இதெல்லாம் கட்டையில் எப்படி வரும்? வாழ்நாள் முழுவதும் இந்தக் கேள்வியோடு மல்லுக்கட்டிய ஒருவரை நான் கல்லூரி நாட்களில் ஒரு பழைய கேசட்டில் கேட்டேன். அவரும் துருத்தி வைத்த கருவியில் தொடங்கியவர் என்று பிற்பாடு படித்தபோது, என் ஆசிரியரிடம் சொல்ல வேண்டும் என்று தவித்தேன். அவர் அப்போது இல்லை.

ஜாவினுல் 1932 ஜூலை 7 அன்று வியன்னாவின் எர்ட்பெர்க் பகுதியில் ஓர் உழைப்பாளர் குடும்பத்தில் பிறந்தார். கூடப் பிறந்த இரட்டைச் சகோதரன் நான்கு வயதில் நிமோனியா காய்ச்சலில் இறந்துபோனான். ஜாவினுலுக்குக் கிடைத்த முதல் கருவி அக்கார்டியன். ஆர்மோனியமும் அக்கார்டியனும் ஒரே குலம். இரண்டிலும் உலோக நாக்குகள் காற்றில் அதிர்ந்து ஒலிக்கின்றன, இரண்டுக்கும் துருத்திதான் நுரையீரல். அந்தச் சிறுவன் செய்த ஒரு காரியத்தை இங்கே பதிவு செய்ய விரும்புகிறேன். பில்லியர்ட்ஸ் மேசையின் பச்சைக் கம்பளித் துணியில் ஒரு துண்டு அவனுக்குக் கிடைத்தது. அதை அக்கார்டியனுக்குள் ஒலிப்பலகையில் ஒட்டிவிட்டான். கருவியின் கூர்மை மழுங்கி வேறொரு குரல் வந்தது. கடையில் வாங்கிய குரல் அவனுக்குப் போதவில்லை.

நான்கு பத்தாண்டுகள் கழித்து உலகின் பெரிய மேடைகளில் சிந்தசைசர்களுக்கு நடுவே அவர் நின்றபோதும் செய்தது இதே காரியம்தான். இந்தக் கருத்தரங்கில் யாராவது சிந்தசைசரின் வரலாற்றை எழுதினால், அந்தப் பச்சைத் துணியிலிருந்து தொடங்கும்படி கேட்டுக்கொள்கிறேன்.

போர்க்காலத்தில் அவரையும் வேறு சில இசை மாணவர்களையும் குண்டுவீச்சிலிருந்து காக்க செக் நிலப்பகுதிக்கு அனுப்பினார்கள். நாஜிகளின் ஆட்சியில் ஜாஸ் வெறுக்கப்பட்ட இசை. அந்தச் சூழலிலும் அங்கேதான் ஒரு மாணவன் வாசித்த 'ஹனிசக்கிள் ரோஸ்' அவர் காதில் விழுந்தது. போருக்குப் பிறகு, கறுப்பினக் கலைஞர்கள் மட்டுமே நடித்த 'ஸ்டார்மி வெதர்' என்ற அமெரிக்கப் படம் வியன்னாவுக்கு வந்தது. அதை இருபது முறைக்கு மேல் பார்த்தார். பசியும் இடிபாடுமாக இருந்த ஊரில், ஒரு பதின்பருவப் பையன் திரையில் தெரிந்த மனிதர்களோடு போய்ச் சேர்ந்துவிட வேண்டும் என்று முடிவு செய்துகொண்டான். அவர் பிற்காலத்தில் செய்த எல்லாப் பயணங்களும் அந்தத் திரையரங்கின் இருட்டில் தொடங்கியவை.

1959இல் பாஸ்டனின் பெர்க்லி பள்ளியில் உதவித்தொகை கிடைத்து அமெரிக்கா போனார். படிப்பு சில வாரங்களே. மேனர்ட் ஃபெர்குசனின் குழுவில் இடம் கிடைத்ததும் வகுப்பை விட்டுக் கிளம்பிவிட்டார். அந்தக் குழுவில்தான் சாக்ஸஃபோன் கலைஞர் வெய்ன் ஷார்ட்டரைச் சந்தித்தார். பிறகு பாடகி டைனா வாஷிங்டனுக்கு இரண்டாண்டு பியானோ வாசித்தார். பாடகிக்குப் பக்கவாத்தியம் வாசிப்பது எவ்வளவு பெரிய பள்ளி என்பது நம்மவர்களுக்குச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. எந்தச் சொல்லுக்கு இடம் விட வேண்டும், எங்கே மூச்சு விழும், எங்கே கையை எடுத்துவிட வேண்டும் என்பதை அங்கே கற்றார். நியூயார்க்கில் டெனர் சாக்ஸஃபோன் மேதை பென் வெப்ஸ்டரோடு ஒரே வீட்டில் குடியிருந்தார். வெப்ஸ்டரின் ஒலியில் ஸ்வரம் பாதி, காற்று பாதி. அந்தக் காற்றைக் கேட்டபடி இருந்த ஒரு பியானோக்காரர் பின்னாளில் மின்கருவியில் காற்றைத் தேடியது தற்செயல் என்று நான் நம்பவில்லை.

1961இல் சாக்ஸஃபோன் கலைஞர் கேனன்பால் அடர்லியின் குழுவில் சேர்ந்து ஒன்பது ஆண்டுகள் இருந்தார். குழுவில் வெள்ளைக்காரர் அவர் ஒருவர்தான். 1964இல் குடிமை உரிமைகள் சட்டம் வருவதற்கு முன்னும் பின்னும், நிறவெறி பிடித்த தென் மாநிலங்களில் கறுப்பரும் வெள்ளையரும் ஒரே காரில் போவதே ஆபத்து. அந்தச் சாலைகளில் அவர்களோடு போனவர் இவர். ஆகவே அவர் 'கறுப்பு இசையைக் கடன் வாங்கினார்' என்று ஒரு வரியில் எழுதிவிட்டுப் போகும் கட்டுரைகளைப் படிக்கும்போது எனக்கு வருத்தம் வருகிறது. கடன் என்ற சொல் அந்த ஒன்பது ஆண்டுகளுக்குப் பொருந்தாது.

1966 அக்டோபரில் ஹாலிவுட்டில் கேப்பிட்டல் நிறுவனத்தின் ஒலிப்பதிவுக் கூடத்துக்குள் நண்பர்களை அழைத்து உட்கார வைத்து, ஒரு கேளிக்கை விடுதி போல ஆக்கிப் பதிவு செய்தார்கள். அதில் ஜாவினுல் இயற்றிய 'மெர்சி, மெர்சி, மெர்சி' இருந்தது. அவர் வாசித்தது வுர்லிட்சர் மின்பியானோ. டைனா வாஷிங்டனும் ரே சார்ல்ஸும் சேர்ந்து ஊர் ஊராகப் போன நாட்களில் ரே சார்ல்ஸின் மின்பியானோவில் கை வைத்துப் பழகியவர் அவர். அந்தக் கருவியின் சற்றே கரகரத்த ஒலி, தேவாலயத்தில் தொண்டை கட்டிப்போன ஒருவர் பாடுவது போல இருக்கும். 1967இல் அந்தப் பாட்டு அமெரிக்காவின் பொதுப் பாடல் வரிசையில் 11ஆம் இடம் வரை ஏறியது. ஜாஸ் இசைத்தட்டுக்கு அது எளிதில் கிடைக்கிற இடமில்லை. வியன்னாக்காரர் ஒருவர் எழுதிய மெட்டு கறுப்பினத் தேவாலயத்தின் குரலாக ஒலித்ததை அடர்லியின் கேட்போர் ஏற்றுக்கொண்டார்கள்.

இனி நான் அதிகம் நின்று பேச விரும்பும் இடத்துக்கு வருகிறேன். 1969 பிப்ரவரி 18, நியூயார்க். டிரம்பெட் கலைஞர் மைல்ஸ் டேவிஸ் தம் ஒலிப்பதிவுக்கு ஜாவினுலை அழைத்தார். ஒரே அறையில் மூன்று கீபோர்டுக்காரர்கள்: ஹான்காக், கொரியா, ஜாவினுல். கித்தாரில் இங்கிலாந்திலிருந்து அப்போதுதான் வந்திறங்கியிருந்த ஜான் மெக்லாக்லின். ஆறாண்டுகள் கழித்து நம் விக்கு விநாயக்ராமின் கடத்தோடு சக்தி குழுவில் உட்காரப் போகிற அதே மெக்லாக்லின். ஜாவினுல் கொண்டுவந்த மெட்டு 'இன் எ சைலன்ட் வே'. ஒரு குளிர்காலத்தில் வியன்னாவின் விடுதி அறையில், தாத்தா ஊரின் மலைச்சரிவில் கழித்த சிறுவயதை நினைத்து எழுதியது. மெட்டின் கீழே பல ஸ்வரக்கோவைகள் மெல்ல மாறிக்கொண்டே போகும்.

மைல்ஸ் அந்த ஸ்வரக்கோவைகளையெல்லாம் எடுத்துவிட்டார். அடியில் ஒரே ஒரு ஸ்வரம், ஈ, அவ்வளவுதான். மெக்லாக்லினிடம் கித்தாரை இப்போதுதான் கற்கிறவன் போல வாசிக்கச் சொன்னார். நமக்கு இதில் வியப்பு குறைவு. அடியில் நிற்கும் ஈ நம் காதுக்குச் சுருதி. அதன்மேல் மெட்டு ஆலாபனை போலத் தயங்கித் தயங்கி எழுகிறது. தம்பூரா இல்லாத ஊரில், பாட்டுக்குள் ஒளிந்திருந்த தம்பூராவைக் கண்டெடுத்தார் மைல்ஸ். அதற்காக அவரைப் போற்றாத ஜாஸ் வரலாறு இல்லை.

ஆனால் ஜாவினுலுக்கு அந்த மாற்றத்தில் மனநிறைவு இல்லை. 1971இல் தம் பெயரையே தலைப்பாக வைத்து வெளியிட்ட இசைத்தட்டில், அதே மெட்டைத் தாம் எழுதியபடி, ஸ்வரக்கோவைகளோடு மீண்டும் பதிவு செய்தார். அந்த வடிவத்தை மாணவர்கள் கட்டாயம் கேட்க வேண்டும். கேட்டால், கீழே ஒவ்வொரு ஸ்வரக்கோவையும் மாறும்போது மேலே மெட்டின் அதே ஸ்வரம் வேறொரு நினைவாக ஒலிப்பது தெரியும். மைல்ஸின் வடிவத்தில் இடம் மட்டும் இருக்கிறது, காலம் நிற்கிறது. ஜாவினுலின் வடிவத்தில் காலம் கடந்துபோய்க்கொண்டே இருக்கிறது, அதனால் ஏக்கம் வருகிறது. சுருதியில் வளர்ந்தவனாக நான் மைல்ஸ் பக்கம் நிற்க வேண்டியவன். என் மனம் ஜாவினுலின் பக்கம் நிற்கிறது. அந்த இசைத்தட்டில் 'ஹிஸ் லாஸ்ட் ஜர்னி' என்று ஒரு சிறு படைப்பு இருக்கிறது. பனி மூடிய ஆஸ்திரிய மலைக்கிராமத்தில் தாத்தாவின் இறுதி ஊர்வலம். அதையும் சேர்த்துக் கேட்டால் நான் சொல்வது புரியும்.

மைல்ஸின் ஒலிப்பதிவுக்கு அடுத்த ஆண்டு, 1970இல், ஷார்ட்டரும் செக் நாட்டு டபுள்பாஸ் கலைஞர் மிரோஸ்லாவ் விட்டூஸும் ஜாவினுலும் சேர்ந்து வெதர் ரிப்போர்ட்டைத் தொடங்கினார்கள். 1986 வரை அது நீடித்தது. ஜாஸில் அதுவரை இருந்த ஏற்பாட்டில் ஒருவர் முன்னே வந்து தனியாவர்த்தனம் போல வாசிப்பார், மற்றவர்கள் தாங்குவார்கள், முறை மாறும். வெதர் ரிப்போர்ட் இந்த முறையையே கலைத்துவிட்டது. எல்லோரும் ஒரே நேரத்தில் உரையாடுகிறார்கள். யார் முன்னே, யார் பின்னே என்று கேட்பவருக்குத் தெரிவதில்லை. திண்ணையில் நாலு பேர் பேசும் பேச்சுக்கு முன்வரிசை பின்வரிசை உண்டா?

இந்தக் காலத்தில்தான் ஆர்ப் 2600 என்ற சிந்தசைசர் அவர் கைக்கு வந்தது. மின்னழுத்தத்தைக் கூட்டிக் குறைத்து ஒலியின் ஒவ்வொரு பாகத்தையும் தனித்தனியே செதுக்கலாம். பலருக்கு அது விண்வெளிச் சத்தம் போடும் இயந்திரம். ஜாவினுல் அதற்கு வாய் வைத்தார். ஸ்வரம் தொடங்கும்போது ஒரு சிறு இழுப்பு, முடியும்போது ஒரு சரிவு, நடுவில் மூச்சு ஏறி இறங்குவது. சிறுவயதில் துருத்தியை இழுத்த கை அதை மறக்கவில்லை. என் ஆசிரியர் குரலில் வைத்துக்கொள்ளச் சொன்ன அந்த நடுவெளியை இவர் இயந்திரத்துக்குள் கண்டுபிடித்தார்.

ஒரு படி மேலே போய், கீபோர்டின் மின்னழுத்தத்தைத் தலைகீழாகத் திருப்பினார். வலப்பக்கம் போகப் போக மந்திரம், இடப்பக்கம் போனால் தாரம். 1976இல் வந்த 'பிளாக் மார்க்கெட்' தலைப்புப் பாட்டு இப்படித் தலைகீழ்க் கட்டையில் பிறந்தது. ஏன் இந்த வேண்டாத சிரமம்? பல ஆண்டுப் பழக்கத்தில் விரல்களுக்குத் தாமாகவே ஓடும் தடங்கள் விழுந்துவிடுகின்றன. தடத்தை அழித்தால் விரல் காதைக் கேட்டுத்தான் நகர வேண்டும். சாதகம் செய்கிற எல்லோருக்கும் இது பயன்படும் பாடம்.

அவர் இயற்றிய முறையும் தனி. வீட்டில் ஒலிப்பதிவுக் கருவியை ஓடவிட்டு மனோதர்மமாக வாசித்துக்கொண்டே போவார். பிறகு கேட்டு, உயிருள்ள பகுதியைத் தேர்ந்து, ஒரு ஸ்வரமும் மாற்றாமல் எழுதி, குழுவை வாசிக்க வைப்பார். அந்த நொடியில் தோன்றியதே கிருதியாகிவிடுகிறது. கல்பித சங்கீதம், மனோதர்ம சங்கீதம் என்று நாம் பிரித்து வைத்திருக்கும் கோட்டை அவர் இப்படி அழித்தார். இதைப் பற்றி நாளைக் காலை அமர்வில் ஒரு நல்ல விவாதம் நடக்கும் என்று எதிர்பார்க்கிறேன்.

1976இல் ஜேக்கோ பஸ்டோரியஸ் குழுவில் சேர்ந்தார். அதற்கு முந்தைய ஆண்டுதான் கேனன்பால் அடர்லி இறந்திருந்தார். அவர் நினைவாக ஜாவினுல் எழுதிய 'கேனன்பால்' என்ற பாட்டில், கட்டு இல்லாத பாஸ் கித்தாரில் ஜேக்கோ பாடுகிறார். வாசிக்கிறார் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. 1977இல் 'ஹெவி வெதர்' வந்தது. அதில் 'பேர்ட்லாண்ட்' உலகம் முழுவதும் போய்ச் சேர்ந்தது. நியூயார்க்கின் பேர்ட்லாண்ட் விடுதியில்தான் அவர் தம் மனைவி மேக்சினை முதலில் சந்தித்தார். ஆகவே அது ஓர் ஊர்ப்பாட்டு மட்டுமல்ல, காதல் பாட்டும் கூட.

குறைகளையும் சொல்ல வேண்டும். அடுத்த ஆண்டு வந்த 'மிஸ்டர் கான்' இசைத்தட்டுக்கு டவுன்பீட் இதழ் ஒரே ஒரு நட்சத்திரம் கொடுத்தது. அந்தத் தண்டனை மிகையானது என்பது என் கருத்து. ஆனால் விமர்சகருக்கு வந்த கவலை நியாயமானது. சிந்தசைசர்கள் பெருகப் பெருக ஷார்ட்டரின் குரலுக்கு இடம் சுருங்கியது. திண்ணைப் பேச்சு மெல்ல மெல்ல ஒருவரின் சொற்பொழிவாக மாறியது. எட்டுக் குரல் ஓபர்ஹைம் சிந்தசைசர் கையில் இருக்கும்போது மற்றவர்களுக்காக விரலை எடுப்பது கடினம் போலும். டைனா வாஷிங்டனிடம் கற்ற பாடத்தை அவர் சில காலம் மறந்திருந்தார் என்றே நினைக்கிறேன். அவரை நேசிக்கிறவர்கள் இதைச் சொல்லாமல் விடக்கூடாது.

அந்தப் பாடம் திரும்பி வந்தது. 1986இல் கிட்டத்தட்டத் தனியாகவே செய்த ஓர் இசைத்தட்டுக்கு அவர் வைத்த பெயர் 'டயலெக்ட்ஸ்'. வட்டார வழக்குகள். வாழ்நாள் முழுவதும் தேடியதற்கு அவரே வைத்த பெயர் அது. 1991இல் மாலி நாட்டுப் பாடகர் சலிஃப் கெய்ட்டாவின் 'ஆமென்' இசைத்தட்டைத் தயாரித்தார். ஜாவினுல் சிண்டிகேட் என்ற அவரது குழுவில் ஐவரி கோஸ்ட், கேமரூன், மொரிஷியஸ் கலைஞர்கள் வாசித்தார்கள். மும்பையின் த்ரிலோக் குர்த்துவும் சிலகாலம் வாசித்தார். அந்தக் குழுவில் ஒவ்வொருவரும் தம் ஊர் வழக்கில் பேச அவர் இடம் விட்டார். அவரும் வியன்னா வழக்கை விடவில்லை.

தம் ஊரின் மீது அவர் வைத்திருந்த அன்பு கண்ணை மூடிக்கொண்ட அன்பாக இருக்கவில்லை. 1993இல் டான்யூப் நதியைப் பற்றிய பெரிய இசைக்குழுப் படைப்பு ஒன்றை லின்ஸ் நகரில் அரங்கேற்றினார். ஐந்தாண்டுகள் கழித்து அதே நதிக்கரையில் உள்ள மவுட்ஹவுசனுக்குப் போனார். நாஜிகள் 1938இல் அங்கே அமைத்த வதைமுகாமிலும் அதன் கிளை முகாம்களிலும் குறைந்தது 90,000 பேர் உயிரிழந்தார்கள். கைதிகள் கல் சுமந்து ஏறிய 186 படிகள் இன்றும் இருக்கின்றன. அந்தக் கல்குவாரியிலேயே, 1998இல், இறந்தவர்களுக்காக ஜாவினுல் இசை நிகழ்த்தினார். முகாம் இயங்கிய ஆண்டுகளில் அவர் அதே நாட்டில் அக்கார்டியன் வாசித்துக்கொண்டிருந்த சிறுவன். அறுபத்தாறு வயதில் அந்தக் குவாரியில் நின்று கட்டையில் கை வைக்கும்போது அவர் மனம் என்ன பாடுபட்டிருக்கும் என்று நான் பலமுறை எண்ணியிருக்கிறேன்.

2007இல் நோயோடும் மேடை ஏறினார். ஜூலை 7, தம் 75ஆம் பிறந்தநாள் அன்றும் வாசித்தார். அந்தக் கோடையில் ஹங்கேரியில் ஷார்ட்டர் வந்து சேர, இருவர் மட்டும் 'இன் எ சைலன்ட் வே' வாசித்த பதிவு இருக்கிறது. அதே ஆண்டு மேக்சின் இறந்தார். செப்டம்பர் 11 அன்று வியன்னாவில் ஜாவினுல் காலமானார். பீத்தோவனும் ஷூபர்ட்டும் பிராம்ஸும் உறங்கும் மத்தியக் கல்லறைத் தோட்டத்தில் அவரும் இருக்கிறார்.

ஆய்வாளர்களுக்கு ஒரு வேண்டுகோள். ஃப்யூஷன் என்ற சொல் நம் ஊரில் கல்யாண மேடைவரை வந்து தேய்ந்துவிட்டது. இரண்டு இசைகளை ஒட்டினால் ஃப்யூஷன் என்று எண்ணுகிறோம். ஜாவினுலோ வாழ்நாள் முழுவதும் ஒலியின் நிறத்தைத் தேடினார். ஆகவே கட்டுரைகளில் எந்த ராகம், எந்த ஸ்வரக்கோவை என்று பட்டியல் போடுவதோடு நிற்காமல், ஒலியின் நிறத்தைப் பற்றி எழுதுங்கள். அதற்குத் தமிழில் சொற்கள் போதாவிட்டால் இந்த இரண்டு நாட்களில் உட்கார்ந்து உருவாக்குவோம். கம்மல், கணீர், கார்வை, நாதம் என்று நாட்டியமும் நாதஸ்வரமும் புழங்கும் இடங்களில் எத்தனையோ சொற்கள் காத்திருக்கின்றன.

குத்துவிளக்கு ஏற்றியாகிவிட்டது. முதல் அமர்வுக்கு முன் அரங்கத்தின் விளக்கை மட்டும் குறைக்கச் சொல்லியிருக்கிறேன். வெதர் ரிப்போர்ட்டின் 1971ஆம் ஆண்டு முதல் இசைத்தட்டு தொடங்குகிற 'மில்கி வே' மூன்று நிமிடத்துக்கும் குறைவு. கேட்பவர் எல்லோரும் சிந்தசைசர் என்று நினைப்பார்கள். அதில் எந்த மின்கருவியும் இல்லை. ஜாவினுல் பியானோவின் கட்டைகளைச் சத்தம் வராமல் அழுத்திப் பிடித்துக்கொள்கிறார். விடுபட்ட தந்திகளை நோக்கி ஷார்ட்டர் சாக்ஸஃபோனை ஊதுகிறார். ஊதியது ஓய்ந்த பிறகு, பியானோவின் வயிற்றுக்குள் அந்தத் தந்திகள் தாமாக முனகுகின்றன. நாம் கேட்கப் போவது அந்த முனகலை. கருத்தரங்கைத் தொடங்கி வைக்கிறேன். தம்பி, போடுங்கள்.